பாதியில் நின்ற மலையாளப் படம்

"மலை மேல ஒரு தனி வீடு. வெளியில விடாத மழை. ஒருத்தருக்கொருத்தர் முன்னப்பின்ன தெரியாத ஆளுங்க உள்ள மாட்டிக்கிறாங்க. ஒவ்வொருத்தரா சாகுறாங்க. அந்தப் படம்தான் வேணும்" என்றார் கண்ணாடிக்காரர்.

தொலைபேசியின் மறுமுனையில் இருந்தது வெளியூரில் இருக்கும் மகள். அப்பா அம்மா கல்யாண நாளுக்கு என்ன வேண்டும் என்று கேட்டது தப்போ என்று அவளுக்குத் தோன்றியிருக்க வேண்டும்.

"படத்தோட பேரு?"

"தெரியாது."

"நடிச்சது யாரு?"

"மீசை வெச்ச ஒருத்தர்."

"மலையாளப் படம்னு சொல்றீங்க. அதுல மீசை வெச்ச ஒருத்தர்னா நான் எங்கப்பா போய்த் தேடறது? பேசாம ஒரு சட்டை எடுத்துத் தரேனே."

"சட்டையெல்லாம் நிறைய இருக்கும்மா. அந்தப் படத்தோட முடிவை நான் பார்க்கவே இல்ல. உங்கம்மாவும் பார்க்கல. யாரு கொலைகாரன்னு தெரியாமலே இத்தனை வருஷம் ஓடிப்போச்சு. அம்மாகிட்ட மட்டும் மூச்சு விட்டுடாதே. திடீர்னு போட்டுக் காட்டணும்."

கண்ணாடிக்காரர் கடைவீதியில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருந்தார். ஊரில் பாதிப்பேர் அவர் மாட்டிவிட்ட கண்ணாடி வழியாகத்தான் உலகத்தைப் பார்த்தார்கள். அவருக்கு அந்தப் படத்தின் மேல் இருந்த பிடிப்புக்குக் காரணம் கொலைகாரன் இல்லை. அது அவர் யாரிடமும் சொல்லாத சங்கதி.

கல்யாணமாகி ஒரு மாதம்கூட ஆகாத சமயம். புது மனைவி வாயைத் திறந்தால் 'ம்' அல்லது 'ம்ஹூம்'. கணக்கு டீச்சர் வேலைக்குப் படித்த பெண், வார்த்தையையும் எண்ணித்தான் செலவழிப்பாள் போலிருக்கிறது என்று அவர் மனசைத் தேற்றிக்கொண்டார். அப்போது அவளுடைய அண்ணன் ஊரிலிருந்து வந்தார். லாரிப் பட்டறை வைத்திருந்தவர். ஆளும் லாரி மாதிரியே இருப்பார். வந்த மனிதர் பேசவும் இல்லை, சிரிக்கவும் இல்லை. வீட்டுக்குள் நிலவிய மௌனம் தாங்காமல் கண்ணாடிக்காரர் இருவரையும் சினிமாவுக்குக் கூட்டிக்கொண்டு போனார். டிக்கெட் கிடைத்தது அந்த மலையாளப் படத்துக்குத்தான்.

மூவருக்கும் மலையாளம் தெரியாது. கொலைக்கு மொழி எதற்கு? இடைவேளையில் சோடா குடிக்கப் போன கண்ணாடிக்காரர் திரும்பி வந்தபோது விளக்கை அணைத்துவிட்டார்கள். தட்டுத்தடுமாறித் தன் இடத்தைக் கண்டுபிடித்து உட்கார்ந்தார். திரையில் ஒரு கிழவி அரிக்கேன் விளக்கை ஊதி அணைத்தாள். யாரோ அலறினார்கள். அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போனது.

கொட்டகை கும்மிருட்டானது. அந்த இருட்டில் பக்கத்து நாற்காலியிலிருந்து ஒரு கை வந்து அவர் கையைப் பற்றியது. வியர்த்து, லேசாக நடுங்கிக்கொண்டிருந்த கை. அவர் அதை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். உள்ளங்கை முழுக்கக் காய்ப்பு. பிறந்த வீட்டில் இவளை எவ்வளவு வேலை வாங்கியிருக்கிறார்கள் என்று மனசுக்குள் பொருமினார். இனி இந்தக் கை ஒரு குடம் தண்ணீர்கூடத் தூக்கக் கூடாது என்று அங்கேயே முடிவு செய்தார். கரண்ட் வரவே இல்லை. டார்ச் அடித்து எல்லோரையும் வெளியே அனுப்பும்வரை அந்தக் கையை அவர் விடவில்லை.

அன்றிலிருந்து தண்ணீர் பிடிப்பதும் துணி பிழிவதும் அவர் வேலை. அடுத்த மாதமே மனைவியின் கை பூப்போல இருப்பதைக் கவனித்தார். எல்லாம் தன் கவனிப்பின் பலன் என்று பூரித்துப்போனார். எப்போதாவது, "அந்தப் படம் ஞாபகம் இருக்கா?" என்று கேட்பார். மனைவி "ம்" என்பாள். அந்த 'ம்' அவருக்குப் போதும். அந்த ஓர் எழுத்தின் மேல் அவர் ஒரு வீட்டையே கட்டியிருந்தார்.

"பக்கத்து வீட்டு சிஸ்டரைக் கேளுங்கப்பா. அவங்க மலையாளம்தானே" என்று மகள் யோசனை சொன்னாள்.

அங்கேதான் பிடித்தது சனி.

மறுநாள் காலை நர்ஸம்மா துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். கண்ணாடிக்காரர் மதில் ஓரமாகப் போய்க் குரலைத் தாழ்த்தினார்.

"சிஸ்டர், ஒரு கொலை விஷயமா உங்ககிட்ட பேசணும். டீச்சருக்குத் தெரியக் கூடாது."

நர்ஸம்மா கையிலிருந்த போர்வையை மறுபடி வாளியில் போட்டாள். அவர் கதையைச் சொல்லச் சொல்ல அவள் முகம் மலர்ந்தது.

"மழை, மலை வீடு... முதல்ல மாடிப்படியில ஒருத்தர் விழுந்து சாவாரே?"

"அதேதான். அப்புறம் அந்தப் பொம்பளைய..."

"தலையணைய வெச்சு அமுக்கி. சத்தமே வராது."

"தூங்கிட்டிருக்கும்போதுதானே?"

"ஆமா சார். எனக்கு நல்லாத் தெரியும், நானே பார்த்திருக்கேன். முடிவு என்னன்னா..."

"சொல்லாதீங்க, சொல்லாதீங்க. ஞாயித்துக்கிழமை நம்ம வீட்டுலயே முடிச்சிடலாம். நீங்க கூட இருந்தாப் போதும்."

சமையலறை ஜன்னலுக்கு அந்தப் பக்கம் நின்ற டீச்சரின் காதில் இதெல்லாம் முழுசாக விழவில்லை. தலையணை, தூக்கம், டீச்சருக்குத் தெரியக் கூடாது, ஞாயிற்றுக்கிழமை. இவ்வளவுதான் விழுந்தது.

அன்று சாயங்காலம் மனைவி தன்னை ஒரு மாதிரியாகப் பார்ப்பதைக் கண்ணாடிக்காரர் கவனித்தார். ரகசியம் கசிந்துவிட்டதோ என்று பயந்து, பேச்சை மாற்ற அவரே டீ போட்டுக் கொடுத்தார்.

"நீங்க முதல்ல குடிங்க" என்றாள்.

"உனக்குத்தானே போட்டேன்."

"பரவாயில்ல. ஒரு வாய் குடிச்சிட்டுக் குடுங்க."

இத்தனை வருஷத்துக்குப் பிறகு மனைவிக்கு இப்படியொரு ஆசை வந்திருக்கிறதே என்று உருகிப்போனார் அவர். அரை டம்ளரைக் குடித்துவிட்டுக் கொடுத்தார். அவர் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுத்தான் அவள் மீதியைக் குடித்தாள்.

இவ்வளவு பாசத்துக்குப் பதில் மரியாதை செய்ய வேண்டாமா? மறுநாள் கடையைச் சீக்கிரம் பூட்டிவிட்டு அவளுக்கென்று ஒரு புதுத் தலையணை வாங்கி வந்தார். நல்ல கொழுத்த தலையணை. இரண்டு கையாலும் அமுக்கிக் காட்டினார்.

"பாரு, எவ்வளவு மெத்துனு இருக்குன்னு. முகத்தை வெச்சாப் போதும், அப்படியே போயிடுவே."

"எங்க போயிடுவேன்?"

"தூக்கத்துல."

டீச்சர் அன்றிரவு மகள் அறையில் தாழ் போட்டுக்கொண்டு படுத்தாள். விடிந்ததும் முதல் வேலையாக அண்ணனுக்குப் போன் செய்தாள்.

சனிக்கிழமை மத்தியானம் மச்சான் வந்து இறங்கினார். பட்டறையை மகனிடம் விட்டுவிட்டார். உடம்பு மட்டும் இன்னும் லாரிதான். பையை வைத்தார். கண்ணாடிக்காரரின் நாற்காலியில் உட்கார்ந்தார். புதுத் தலையணையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு அமுக்கிப் பார்த்தார்.

"என்ன மாப்பிள்ளை, பக்கத்து வீட்டு நர்ஸம்மாவோட என்ன பேச்சு?"

அந்த மனிதர் முன்னால் கண்ணாடிக்காரருக்கு எப்போதுமே நாக்கு ஒட்டிக்கொள்ளும். "அது... டீச்சருக்குத் தெரியாம ஒரு காரியம்..." என்று ஆரம்பித்தவர், மச்சானின் புருவம் ஏறுவதைப் பார்த்ததும் மடமடவென்று எல்லாவற்றையும் கொட்டிவிட்டார். படம், முடிவு, கல்யாண நாள், மதில் ஓரப் பேச்சு, எல்லாம். கையைப் பற்றி மட்டும் சொல்லவில்லை.

கதவுக்குப் பின்னாலிருந்து டீச்சர் முகத்தை மூடிக்கொண்டு வந்தாள். சிரிக்கிறாளா, அழுகிறாளா என்று தெரியவில்லை. "தலையணையை வேற வாங்கிட்டு வந்து நீட்டினா நான் என்னன்னு நினைக்கிறது?"

மச்சான் சிரிக்கவில்லை. "அந்தப் படமா?" என்று மட்டும் கேட்டார்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் நர்ஸம்மா சொன்ன பேரை வைத்து மகள் எங்கோ தேடிப்பிடித்து அனுப்பிய படம் டிவியில் ஓடத் தயாரானது. கண்ணாடிக்காரர் ஜன்னல்களை மூடி, திரைச்சீலை போதாமல் போர்வைகளையும் தொங்கவிட்டுக் கொட்டகை இருட்டைக் கொண்டுவந்தார். ஒரு பக்கம் மனைவி, மறு பக்கம் மச்சான். மோடாவில் மொழிபெயர்க்க நர்ஸம்மா.

படத்தைப் பார்த்ததும் அவருக்குக் கண் கலங்கியது. அந்த மழை அப்படியே பெய்துகொண்டிருந்தது. மீசைக்காரர் அதே குடையோடு வந்து அதே கதவைத் தட்டினார். அன்றைக்கு வயதானவராகத் தெரிந்த அந்த மீசைக்காரர் இன்றைக்குப் பார்த்தால் சின்னப் பையனாக இருந்தார். கொட்டகையின் வாசனை, மூட்டைப்பூச்சி நாற்காலி, முன்வரிசையில் தலையை ஆட்டிக்கொண்டே இருந்த ஆள், எல்லாம் ஞாபகம் வந்தது.

நர்ஸம்மா வசனத்துக்கு இரண்டு வரி பின்னால் ஓடிக்கொண்டிருந்தாள். "கதவைத் திறக்காதேன்னு சொல்றாங்க. இப்ப திறந்தாச்சு. ஐயோ, இந்தக் காயத்துக்கு இவ்வளவு ரத்தம் வராது, எங்க ஆஸ்பத்திரியில பார்த்திருக்கேன்."

கிழவி அரிக்கேன் விளக்கைக் கையில் எடுத்தாள். விளக்கு அணைந்தது. கண்ணாடிக்காரர் மனைவி பக்கம் குனிந்து மெதுவாகச் சொன்னார்.

"இந்த இடத்துலதான் நீ என் கையைப் பிடிச்சே."

"எந்த இடத்துல?"

"கரண்ட் போச்சே, அப்ப."

"கரண்ட் போனப்ப நான் உள்ளயே இல்லையே" என்றாள் டீச்சர். "இடைவேளையில எழுந்து வெளியில போனவதான். டிக்கெட் கிழிக்கிற அம்மா பக்கத்துல பெஞ்சில உக்காந்திருந்தேன். நீங்கள்லாம் வெளிய வந்தப்புறம்தான் சேர்ந்துக்கிட்டேன்."

"அந்தப் படம் ஞாபகம் இருக்கான்னு கேக்கும்போதெல்லாம் 'ம்'னியே?"

"படம் ஞாபகம் இருந்துச்சு. 'ம்'னேன்."

கண்ணாடிக்காரருக்குத் தான் தூக்கிய குடங்கள் எல்லாம் ஒரு முறை கண் முன்னால் வந்து போயின.

"அப்ப அது யாரு கை?"

நர்ஸம்மா திரையை விட்டுக் கண்ணை எடுக்காமல் சொன்னாள்: "அதையேதான் இன்ஸ்பெக்டரும் கேக்குறாரு. வெளியாள் யாரும் வரல, இந்த அறைக்குள்ள இருக்கிற ஒருத்தர்தான்னு சொல்றாரு."

இருட்டில் மச்சான் தொண்டையைச் செருமினார்.

கண்ணாடிக்காரர் மெல்லத் திரும்பினார். தலையணையின் மேல் இரண்டு கைகள் கிடந்தன. ஸ்பானர் பிடித்துப் பிடித்துக் காய்ப்புக் காய்த்த கைகள்.

"முன்னால ஒருத்தன் தலையை ஆட்டிக்கிட்டே இருந்தான்" என்றார் மச்சான். "மறைச்சுது. தங்கச்சி எழுந்து போனதும் அவ இடத்துல நகர்ந்து உக்காந்தேன்."

"நீங்க ஏன் மச்சான் என் கையைப் பிடிச்சீங்க?"

"பிடிச்சது நீங்க. கிழவி விளக்கை அணைச்சதும் எனக்கு ஒரு மாதிரி ஆயிடுச்சு, நாற்காலிக் கைப்பிடின்னு நினைச்சு எதையோ தொட்டேன். நீங்கதான் பிடிச்சுக்கிட்டீங்க. விடவே இல்ல. பேசவும் பேசினீங்க."

"என்ன பேசினேன்?"

மச்சான் தரையைப் பார்த்தார். "'பயப்படாதே, நான் இருக்கேன். உன்னை ஒரு வேலையும் செய்ய விடமாட்டேன்'னீங்க."

டீச்சருக்கு அடக்க முடியவில்லை. முந்தானையை வாயில் பொத்திக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். விஷயம் புரிந்ததும் நர்ஸம்மாவும் மோடாவைத் திருப்பிப்போட்டுக்கொண்டு சிரித்தாள். டிவியில் யாரோ யாரையோ துரத்தினார்கள், ஒரு துப்பாக்கி வெடித்தது, மழை நின்றது, எழுத்துகள் ஓட ஆரம்பித்தன. கொலைகாரன் யார் என்பதை இந்த முறையும் யாரும் பார்க்கவில்லை.

கண்ணாடிக்காரர் மட்டும் சிரிக்கவில்லை. வாழ்க்கையின் அஸ்திவாரத்தை யாரோ உருவிக்கொண்டு போனதுபோல் இருந்தது அவருக்கு. எழுந்து போய் ஜன்னல் போர்வையை இழுத்தார். வெயில் உள்ளே வந்து விழுந்தது.

டீச்சர் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "ஏண்ணா, இவர்தான் ஆள் தெரியாம உளறினார்னா, நீங்க கையை உதறிட்டு 'நான் உன் மச்சான்யா'ன்னு சொல்லியிருக்கலாமே?"

மச்சான் தலையணையை மடியிலிருந்து எடுத்துத் தங்கையின் பக்கத்தில் வைத்தார்.

"எப்படிம்மா உதறுறது? அந்தப் பேச்சைக் கேட்டுத்தானே தனியா ஊருக்குத் திரும்பினேன். 'இந்த ஆளோட என்னால இருக்க முடியாது, வந்து கூட்டிட்டுப் போ'ன்னு நீ அழுததால, அன்னைக்கு நான் உன்னைக் கூட்டிட்டுப் போகத்தானே வந்திருந்தேன்."