நல்ல நூல் வேண்டுவோர் அணுகவும்

"வெள்ள நூலு கீதா சார்?"

கதவைத் திறந்த செங்கல்வராயனுக்கு முதலில் ஒன்றும் விளங்கவில்லை. வாசலில் ஓர் அம்மாள் நின்றிருந்தார். அறுபது வயது இருக்கலாம். செருப்பைக் கழற்றலாமா வேண்டாமா என்ற யோசனையோடு நின்றார்.

"என்ன நூலும்மா?"

"வெள்ள நூலு. கீய போர்டுல போட்டுகிறீங்களே. நான் சி பிளாக்கு. கம்பெனிக்குப் போவுதே பிரபா, அதோட அம்மா. கன்னியம்மான்னு பேரு."

போர்டில் போட்டிருந்தது உண்மைதான். படூரில் உள்ள அந்த அடுக்குமாடிக் குடியிருப்பின் லிஃப்டுக்குப் பக்கத்தில், தண்ணீர் லாரி வராத செய்திக்குக் கீழே, செங்கல்வராயன் தம் கைப்பட எழுதி ஒட்டியிருந்தார்: 'நல்ல நூல் வேண்டுவோர் அணுகவும். கட்டணம் இல்லை. பி பிளாக், மூன்றாம் மாடி.'

புத்தகம் என்றே எழுதியிருக்கலாம். ஆனால் புத்தகம் என்பது பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் முதுகில் சுமப்பது, நூல் என்று எழுதினால்தான் ஒரு மரியாதை என்று அவருக்குத் தோன்றிவிட்டது. அந்த மரியாதைதான் இப்போது வாசலில் வந்து நின்று வெள்ளை நிறத்தில் கேட்கிறது.

செங்கல்வராயன் வீட்டில் ஒரு சுவர் முழுக்கப் புத்தகங்கள். கதையும் இல்லை, கவிதையும் இல்லை. எறும்பு எப்படி வழி கண்டுபிடிக்கிறது, உப்பு எங்கிருந்து வந்தது, மனிதனுக்கு ஏன் கொட்டாவி வருகிறது என்று உலகத்து விஷயங்களைச் சொல்லும் புத்தகங்கள். எல்லாவற்றின் பின்னட்டையிலும் 'ஆர்வமுள்ள பொது வாசகருக்கு' என்று தவறாமல் போட்டிருப்பார்கள். அந்தப் பொது வாசகர் எங்கே இருக்கிறார் என்று பதிப்பாளர்கள் தேடிக்கொண்டிருந்தால், அவர் படூரில்தான் இருந்தார். ஓய்வு பெற்ற பிறகு வேறு வேலையும் இல்லாமல் இருந்தார்.

படிப்பதில் ஒரு கஷ்டமும் இல்லை. படித்ததை யாரிடமாவது சொல்ல வேண்டும், அதில்தான் கஷ்டம். மனைவி விஜயகுமாரி இருந்தவரை அவள் கீரை ஆய்ந்துகொண்டே "ம்" போடுவாள். பாதிக்கு மேல் காதில் விழாது என்று அவருக்குத் தெரியும். ஆனாலும் அந்த "ம்" இருந்தது. இப்போது அவளும் இல்லை, "ம்"மும் இல்லை. புனேயில் இருக்கும் மகன் போனை எடுத்தாலே "அப்பா, மீட்டிங்ல இருக்கேன்" என்பான். லிஃப்டில் இவரைக் கண்டால் ஜனங்கள் காதில் எதையோ செருகிக்கொண்டார்கள். சில நாள் காலையில் பால் வாங்கும்போது பேசினால், மறுநாள் காலைவரை வாயைத் திறக்க அவசியமே வராது. தொண்டை கரகரத்துப் போய், தன் குரல் தனக்கே அடையாளம் தெரியாமல் இருக்கும்.

அதனால்தான் அந்த போர்டு. யாராவது ஒருவர் வந்து ஒரு புத்தகத்தை எடுத்துப் போனால், திருப்பித் தர வரும்போது கொஞ்சம் பேசலாம் என்று ஓர் ஆசை.

"இல்லீங்களா சார்? அப்ப நான் வரேன்" என்று கன்னியம்மா திரும்பினார்.

"இருக்கு, இருக்கு! உள்ள வாங்க. உக்காருங்க" என்றார் செங்கல்வராயன்.

வீட்டில் நூல் என்று ஒரு துண்டுகூடக் கிடையாது. சமையலறைக்குள் போய் நாலு பக்கமும் பார்த்தார். புதிதாக வாங்கிய அரிசி மூட்டையின் வாய் வெள்ளை நூலால் தைக்கப்பட்டிருந்தது. ஒரு முனையைப் பிடித்து இழுத்தார். நூல் சரசரவென்று வந்தது. கூடவே அரிசியும் வந்தது. காலடியில் கொட்டிய அரிசியை ஓரங்கட்டிக்கொண்டே, கூடத்துக்குக் கேட்கும்படி குரல் கொடுத்தார்.

"ஆக்டோபஸ் தெரியுமாம்மா உங்களுக்கு?"

"இன்னாது சார் அது?"

"கடல்ல இருக்கும். எட்டுக் கை."

"கேளம்பாக்கத்துல கடம்பா மீனு விக்கிறாங்களே, அதுவா?"

"அதுக்குச் சொந்தக்காரன். அதுக்கு மூணு இதயம்மா!"

எழுந்து போய்விட்டார் போலிருக்கிறது என்று எட்டிப் பார்த்தார். கன்னியம்மா மோவாயில் கைவைத்து யோசித்துக்கொண்டிருந்தார்.

"மூணா? அப்ப நெஞ்சு வலி வந்தா எதுல வரும் சார்?"

செங்கல்வராயனுக்குக் கண் கலங்கிவிட்டது. இத்தனை காலத்தில் அவரிடம் யாரும் கேள்வி கேட்டதில்லை. "அது நீந்தும்போது ஒரு இதயம் நின்னுடும்மா. அதனால அதுக்கு நீந்தறதைவிட நடக்கறதுதான் பிடிக்கும். மத்தது நான் படிச்சுட்டு அடுத்த வாரம் சொல்றேன்" என்றார்.

"வரேன் சார்" என்று கன்னியம்மா அரிசி மூட்டை நூலைச் சுருட்டி எடுத்துக்கொண்டு போனார்.

அடுத்த வாரத்துக்குள் உண்மையான நூல் வேண்டுமே. செங்கல்வராயன் பஸ் ஏறிச் செங்கல்பட்டு பஜாருக்குப் போனார். கேளம்பாக்கத்திலேயே கிடைக்கும். ஆனால் பத்து நிமிஷத்தில் வேலை முடிந்துவிட்டால் மிச்சப் பொழுதை என்ன செய்வது? தையல் சாமான் கடையில் எல்லா நிறத்திலும் நூல்கண்டு வாங்கி ஒரு பிஸ்கட் டப்பாவில் அடுக்கிக்கொண்டு வந்தார்.

அடுத்த வாரமே கன்னியம்மா வந்தார். எந்த நிறம் வேண்டும் என்று கேட்டால், "எதுனா குடு சார்" என்பார். ஊதா நூலை எடுத்துக் கொடுத்துவிட்டு, அந்தக் காலத்தில் ராஜாக்களுக்குக் கடல் நத்தையிலிருந்து ஊதாச் சாயம் எடுத்த கதையைச் சொன்னார் செங்கல்வராயன்.

"நத்தையிலிருந்தா? உவ்வே! அத்தக் கட்டிக்கினு ராஜா சபைல வேற உக்காருவானா?"

அதற்கடுத்த வாரம் ஒட்டகச்சிவிங்கி. அதன் கழுத்திலும் நம்மைப் போலவே ஏழு எலும்புதான் என்றதும், "அப்ப ஒவ்வொன்னும் ஒலக்க சைசுக்கு இருக்கும். தலவாணி வச்சிப் படுக்க முடியுமா சார் அதால?" என்றார் கன்னியம்மா. அன்று இருவரும் அதைப் பற்றியே காபி ஆறும்வரை பேசினார்கள்.

"இவ்வளவு நூல் வாங்கிட்டுப் போறீங்களே, என்னம்மா தைக்கறீங்க?" என்று ஒருநாள் கேட்டார்.

"அது கீது சார், இன்னும் முடியல" என்று கன்னியம்மா எழுந்துகொண்டார்.

இப்படியே போயிருந்தால் ஒரு வம்பும் இல்லை. பி பிளாக்கில் நூல் சும்மா தருகிறார்கள் என்ற செய்தி எப்படியோ பரவிவிட்டது. ஏ பிளாக்கில் ஜாக்கெட் தைக்கும் மார்கரெட் துணியோடு வந்து நின்றார். "இந்தப் பச்சைக்கு மேட்சா குடுங்க அங்கிள். இது கிளிப் பச்ச. எனக்கு எலப் பச்ச வேணும்" என்று டப்பாவைக் கலைத்தார். அவரிடம் இலை ஏன் பச்சையாக இருக்கிறது என்று ஆரம்பித்தால், முடிப்பதற்குள் லிஃப்ட் கீழே போய்விட்டது. பின்னாலேயே ஒரு கொத்தனார் சுவருக்கு மட்டம் பார்க்க நூல் கேட்டு வந்தார். வாட்ச்மேன் துரை தனியாகக் கூப்பிட்டு விசாரித்தார்.

"சார், மாஞ்சா நூலா? போலீசு வந்தா எனக்கு ஒன்னும் தெரியாதுன்னுடுவேன். இப்பவே சொல்ட்டேன்."

கன்னியம்மா வரும் நேரத்தில்கூட வாசலில் ஆள் நின்றது. நட்சத்திரத்தைப் பற்றிப் பாதி சொல்லும்போது யாராவது மஞ்சள் நூல் கேட்டார்கள்.

'நூல் என்றால் புத்தகம்' என்று போர்டில் ஒரு வரி எழுதினால் தீர்ந்தது. செங்கல்வராயன் பேனாவோடு லிஃப்ட் வரைக்கும் போனார். ஆனால் அதைக் கன்னியம்மாவும் படிப்பாரே. நூல் இல்லை என்று தெரிந்தால் அவர் எதற்கு வரப்போகிறார்? புத்தகத்துக்காக இதுவரை ஒரு பிராணியும் வந்ததில்லை. வாரத்தில் மிச்ச நாளெல்லாம் அந்த ஒரு நாளை நம்பித்தான் போய்க்கொண்டிருந்தது. அதை இழக்க அவருக்கு மனமில்லை.

வெகுநேரம் யோசித்து வேறொரு வரி எழுதினார்: 'இனி சி பிளாக்குக்கு மட்டும்.'

கூட்டம் ஓய்ந்தது. ஆனால் பாதி ஜாக்கெட்டோடு திருப்பி அனுப்பப்பட்ட மார்கரெட் சும்மா இருக்கவில்லை. "சி பிளாக்குல அப்படி இன்னா விசேஷம்?" என்று கேட்டுக்கொண்டே போனவர், விசேஷத்தை விசாரித்தும் விட்டார். வாரா வாரம் யார் போகிறார், காபி எத்தனை தம்ளர் என்பதெல்லாம் வெளியே வந்தது. நாலு நாளில் எல்லா பிளாக்கிலும் ஒரே பேச்சு. செங்கல்வராயன் நூல் விடறாராம்.

ஞாயிற்றுக்கிழமை காலை குடியிருப்போர் சங்கத்தில் அவரைக் கூப்பிட்டார்கள். செயலாளர் காசிநாதன் தொண்டையைச் செருமினார். பின் வரிசையில் கன்னியம்மாவின் மகள் பிரபா தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"சார், தப்பா நெனைக்காதீங்க. நீங்க நூல் விடறதா கம்ப்ளெயிண்ட் வந்திருக்கு."

"விடறதா? தாராளமா குடுக்கறேன் சார்" என்றார் செங்கல்வராயன் பெருமையோடு.

"ஒத்துக்கறீங்களா?"

"இதுல ஒத்துக்க என்ன இருக்கு? நல்ல காரியம்தானே. நீங்களும் செய்யலாம்."

"நானா? என் மிசஸ் இங்கதான் சார் உக்காந்திருக்காங்க!"

"அவங்களுக்கு வேணும்னாலும் குடுக்கறேன்."

நாற்காலிகள் கரகரவென்று நகர்ந்தன. காசிநாதனின் மனைவி தண்ணீர் பாட்டிலைத் தேடினார்.

"இந்த வயசுல இதெல்லாம்..."

"சர்வீஸ்ல இருந்தப்ப ஆசை மட்டும்தான் சார் இருந்தது. ரிட்டயர் ஆனப்புறம்தான் நேரமே கெடைச்சது. மொதல்ல எல்லா பிளாக்குக்கும்தான் குடுத்தேன். என்னால முடியல. அதான் சி பிளாக்கோட நிறுத்திக்கிட்டேன்."

அதற்குமேல் தாங்காமல், கதவோரம் நின்ற துரை சிரித்துவிட்டார். "சார், நீங்க வேற நூல சொல்றீங்க, அவுங்க வேற நூல சொல்றாங்க" என்று வந்து செங்கல்வராயன் காதில் விளக்கினார்.

செங்கல்வராயன் முகம் வெளுத்துப்போனது. அந்த அம்மாளின் பெயர் தம்மால் கெட்டுவிட்டதே என்று பதறி எழுந்தார்.

"ஐயோ, நான் சொன்ன நூல் புத்தகம் சார்! சத்தியமா புத்தகம்!"

"அப்ப கண்டு கண்டா தையல் நூல் குடுத்தது?"

"அந்தம்மா அதைத்தான் கேட்டாங்க. இல்லைன்னு சொன்னா போயிடுவாங்க. எனக்கு... எனக்குப் பேச ஆளில்ல சார்."

அறையில் யாரும் சிரிக்கவில்லை. காசிநாதன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு போர்டில் 'நூல்' என்பதை அடித்து 'புத்தகம்' என்று எழுதச் சொல்லி, துரையிடம் பேனாவைக் கொடுத்துக் கூட்டத்தை முடித்துவைத்தார். எல்லாரும் செங்கல்வராயனைப் பார்த்துத் தலையாட்டிவிட்டுப் போனார்கள். புத்தகம் வேண்டும் என்று ஒருவரும் கேட்கவில்லை.

அவர் வீட்டுக்கு வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். பேர் தப்பித்தது, ஆனால் நூல் இல்லை என்று தெரிந்த பிறகு அந்த அம்மாள் வரப்போவதில்லை. தேனீ எப்படி ஆட்டம் ஆடி வழி சொல்கிறது என்று இந்த வாரத்துக்காகப் படித்து வைத்திருந்தார். அதை இனி சுவரிடம்தான் சொல்ல வேண்டும். முட்டுக்காட்டுப் பக்கமிருந்து வந்த காற்று ஜன்னலை அடித்தது. எழுந்து சாத்தக்கூட அவருக்குத் தோன்றவில்லை.

சாயங்காலம் அழைப்பு மணி அடித்தது. பிரபா நின்றிருந்தாள்.

"சாரி அங்கிள். மார்கரெட் ஆன்ட்டிகிட்ட நல்லா கேட்டு வுட்டுட்டேன். நீங்க மனசுல வச்சிக்காதீங்க."

"உங்கம்மா என்னம்மா சொல்றாங்க?"

"ஒன்னும் சொல்லல. காலைலேர்ந்து சாப்பிடாம உக்காந்துகினு இருக்காங்க. நானும் எங்க வீட்டுக்காரரும் வேலைக்குப் போயிடறோம். திருக்கழுக்குன்றத்துலேர்ந்து கூட்டிக்கினு வந்ததுலேர்ந்து இப்படித்தான், யார்கிட்டயும் பேசறதே இல்ல."

செங்கல்வராயன் உள்ளே போய் பிஸ்கட் டப்பாவைக் கொண்டுவந்து அவள் கையில் வைத்தார்.

"இனிமே அவங்க இங்க வரத் தேவையில்ல. எல்லா நிறமும் இருக்கு. அவங்க தைக்கறதுக்குப் போதும்னு நெனைக்கறேன்" என்றார்.

பிரபா டப்பாவைத் திறந்து பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்தாள்.

"எங்கம்மாவுக்கு ஊசியில நூல் கோக்கக்கூடத் தெரியாதே, அங்கிள்!"