குதிகால் முதலில்

காலை ஏழரை மணிக்கு ஆனந்தன் பீடிக்காகச் சட்டைப்பையில் கையை விட்டான். பீடி வரவில்லை. லோகுவின் படகு மூடி வந்தது.

படகின் அடியில், உள்ளே சேரும் தண்ணீர் வடிய ஒரு துளை உண்டு. அதை அடைக்கிற ரப்பர் மூடி. விடியற்காலையில் என்ஜினைப் பழுது பார்த்தபோது கழற்றியது. படகு கடலில் இருந்தது. மூடி அவன் கையில் இருந்தது.

லோகு, ஆனந்தனின் மனைவி ரஞ்சிதாவின் ஒரே தம்பி.

"இன்னாய்யா, பேயறைஞ்சாப்புல நிக்கிற?" அடுப்படியிலிருந்து ரஞ்சிதா கேட்டாள். "லோகு வந்துருப்பான். மீன வாங்கியா. புளி ஊற வச்சிட்டேன்."

கடப்பாக்கம் கரையில் கூட்டம் நின்றது. கவிழ்ந்த படகை மட்டும் இழுத்து வந்திருந்தார்கள். லோகுவின் மனைவி வச்சலா மணலில் விழுந்து அலறிக்கொண்டிருந்தாள்.

ஆனந்தன் கருங்குழிக்காரன். ரஞ்சிதாவைக் காதலித்ததால் கடலோரம் வந்தவன். என்ஜின் தெரியும். நீச்சல் தெரியாது. முழங்காலுக்கு மேல் கடல் அவனைத் தொட்டதில்லை. ஆனால் அப்போது கடலைவிட, புளி ஊற வைத்தவளை நினைத்துத்தான் நடுங்கினான்.

முகத்துவாரத்தில் நண்டு பிடிக்கும் இருசப்பன் ஒருமுறை போதையில் சொன்னது நினைவுக்கு வந்தது.

"ஈர மணல்ல நீ வச்ச தடத்துலயே, குதிகால மொதல்ல வச்சி, பின்னால நட. எந்தத் தடத்துல போயி நிக்கிறியோ அத வச்ச நேரத்துக்குப் பூடுவ. அலை அழிச்சிட்டா அவ்ளோதான்."

"ஆபத்து கீதா?"

"ஒனக்கு ஒண்ணியும் இல்ல. எவனுக்காவ போறியோ அவனுக்குத்தான் பேஜாரு."

ஆனந்தன் மேற்கொண்டு கேட்கவில்லை. தனக்கு ஒன்றும் இல்லை என்பதே அவனுக்குப் போதுமாக இருந்தது.

படகு நின்ற இடத்திலிருந்து காலையில் அவன் நடந்து போன தடங்கள் கூட்டத்துக்கு அப்பால் கிடந்தன. குதிகாலை வைத்தான். காது அடைத்தது. வச்சலாவின் அலறல் அவள் தொண்டைக்குள்ளேயே திரும்பிப் போனது.

கடைசித் தடத்தில் நின்றபோது இருட்டு முழுதாக விலகியிருக்கவில்லை. படகு கரையில் நின்றது. லோகு அதன் பக்கத்தில் குனிந்து இருமிக்கொண்டிருந்தான்.

"இன்னா மச்சான், சளியா?"

"ஒண்ணுமில்ல மாமா. கெட்ட கெனா." லோகு படகின் அடியைத் தடவினான். "மூடி எங்க?"

"தோ, போட்டுகினே கீறேன்."

கடலுக்குப் போகாதே என்று சொல்லியிருக்கலாம். ஏன் என்று கேட்பான். மூடி பையில் இருந்த கதையைச் சொல்ல வேண்டிவரும். லோகுவுக்குத் தெரிந்தால் ரஞ்சிதாவுக்குத் தெரியும். ஆனந்தன் மூடியைப் போட்டு அழுத்தினான். உயிரே திரும்பி வந்தது போலிருந்தது. அந்த நிம்மதியில் டீசல் குழாயை முடுக்காமல் விட்டான்.

அலை உடைகிற இடத்தில் என்ஜின் நின்றது. படகு பக்கவாட்டில் திரும்பியது. மறுபடி அதே கூட்டம், அதே வச்சலா.

மறுபடி குதிகால்.

இந்த முறை லோகு அவனைக் கண்டதும் வீட்டுக்கு ஓடினான். ஆரஞ்சு நிற மிதவை ஜாக்கெட்டோடு திரும்பி வந்தான். இலவசமாகக் கிடைத்த அதை அதுவரை தலையணையாகத்தான் வைத்திருந்தான். பக்கத்துப் படகுக்காரர்கள் சிரித்தார்கள்.

"இன்னாடா லோகு, மாப்ள ஊர்வலமா?"

லோகு சிரிக்கவில்லை. "மாமா, டீசல் கொழாய முடுக்குனியா?"

"முடுக்கிட்டேன் மச்சான்." பையனுக்கு இப்போதாவது பொறுப்பு வந்ததே என்று ஆனந்தன் நினைத்தான். கூடுதலாக ஒரு கயிற்றுச் சுருளையும் படகுக்குள் போட்டான்.

"இது இன்னாத்துக்கு?"

"ஒரு பந்தோபஸ்துக்கு."

கயிறு தண்ணீரில் சரிந்து என்ஜின் விசிறியில் சுற்றிக்கொண்டது. ஜாக்கெட்டின் வார் இற்றுப் போயிருந்தது. ஜாக்கெட் மட்டும் கரைக்கு வந்தது.

ஆனந்தன் திரும்பியபோது அலை மேலேறி வந்துகொண்டிருந்தது. படகருகே இருந்த தடங்கள் அழிந்துவிட்டன. மிச்சமிருந்தவை கொஞ்சம்தான். இனி ஒரு தடவைக்குத் தாங்காது. ரஞ்சிதா தலைவிரி கோலமாக ஓடி வருவது தெரிந்தது. அவள் வந்து சேர்வதற்குள் குதிகாலை வைத்தான்.

மிஞ்சிய கடைசித் தடம் படகிலிருந்து தள்ளி இருந்தது. கயிற்றைப் போட்டுவிட்டு நடந்து போன நேரம் அது. திரும்பிப் பார்த்தான். படகு தண்ணீரில் இறங்கியிருந்தது.

"மச்சான், போவாத!" கத்திக்கொண்டே ஓடினான். "மூடி, கொழா, கயிறு, எல்லாம் என் தப்பு! அக்காகிட்ட நானே சொல்லிக்கிறேன்! போவாத!"

லோகு போகவில்லை. படகைப் பிடித்தபடி முழங்கால் தண்ணீரில் நின்றிருந்தான். ஜாக்கெட்டைக் கழற்றிக் கையில் வைத்திருந்தான். தோளில் அந்தக் கயிறு தொங்கியது.

ஆனந்தன் அவனைக் கட்டிக்கொண்டு அழுதான். லோகு பொறுமையாக விலக்கினான். ஜாக்கெட்டை ஆனந்தனின் தலை வழியாக மாட்டினான். இற்ற வாரை இழுத்துப் பார்த்தான். அதை விட்டுவிட்டு, கயிற்றை அவன் இடுப்பில் சுற்றி இறுக்கமாக முடிச்சுப் போட்டான்.

"மூணு தபா முழுகிட்டேன் மாமா. இந்த தபா நீ போயிட்டு வரியா?"