மத்தாப்புப் பெட்டிக் குழந்தை

என் முகத்தையே எனக்கு அடையாளம் தெரியாது என்பதை ஒரு அச்சகம் நிறைய ஆட்கள் நேரில் பார்த்துத் தெரிந்துகொண்டார்கள். அதில் பெற்ற தகப்பனும் அடக்கம்.

சிவகாசியில் அப்பாவுக்கு அச்சகம். பட்டாசுப் பெட்டிகளுக்கு லேபிள் அடிப்பார். அவர் அடித்த பழைய மத்தாப்பு லேபிள் ஒன்றில், ரெட்டைச் சடையும் பட்டுப்பாவாடையும் தலை நிறையக் கனகாம்பரமுமாக ஒரு குழந்தை சிரிக்கும். "நம்ம வீட்டுப் புள்ளதான்" என்று சின்ன வயதில் யாரோ சொன்னார்கள். வீட்டில் ஒரே பெண் நான். வேறு யாராக இருக்க முடியும்?

சென்னையில் சினிமா படித்துவிட்டு, அந்த லேபிளை வைத்து நினைவு, அடையாளம் பற்றிப் பரிசோதனை ஆவணப்படம் எடுத்தேன். இருபது நிமிடம். அதில் பதினோரு நிமிடம் லேபிள் மட்டுமே வரும். (மீதி ஒன்பது நிமிடம் அதே லேபிள், கொஞ்சம் கிட்டத்தில்.) அம்மாவிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். நினைவைச் சரிபார்த்தால் அது செத்துவிடும் என்பது அப்போதைய என் கொள்கை.

அப்பா ஒரே நிபந்தனை போட்டார். "மொதல்ல இங்கன போட்டுக் காட்டு. தேறலன்னா கேமராவ ஓரங்கட்டிட்டு ஆர்டர் பாக்க வந்துரணும்."

தீபாவளி சீசன் முடிந்த ஒரு ஞாயிறு, ஷட்டரை இறக்கி, அச்சடிக்காத அட்டைகளை ஒட்டித் திரை கட்டினோம். ஆட்கள் காகிதக் கட்டுகள் மேல் உட்கார்ந்தார்கள். முன்னால் என் அத்தை மகன் முருகேசன். லாரி ஓட்டுகிறவர், ஆறடி உயரம், மீசை மட்டும் அரையடி. எட்டு நிமிடத்தில் இரண்டு பேர் தூங்கிவிட்டார்கள். அப்பா கடிகாரத்தைப் பார்த்தார்.

திரையில் என் குரல் உருகியது: "இந்தக் கண்கள் என்னைக் கேட்கின்றன, நீ யார்?"

"அது நம்ம முருகேசன்லா?" என்றாள் அம்மா.

"சும்மா இரும்மா!"

"குலசாமி கோயில்ல மொத முடி எறக்குறதுக்கு முன்னால, ஆம்பளப் புள்ளன்னாலும் சட பின்னி, பூ வச்சு ஒரு போட்டோ எடுப்போம்ல? அதான் இது. நீ அப்பப் பொறக்கவே இல்ல."

முருகேசன் அத்தான் திரைக்குக் கிட்டே போய் உற்றுப் பார்த்தார். "ஏ புள்ள, நாந்தேன்! இம்புட்டு அழகாவா இருந்துருக்கேன்? நிப்பாட்டாத, ஓட விடு!"

தூங்கியவர்களை எழுப்பி உட்கார வைத்தார்கள். பெண்ணாகப் பிறந்த வலி இந்தச் சிரிப்புக்குள் ஒளிந்திருக்கிறது என்று என் குரல் சொன்னபோது, அத்தான் மீசையைத் தடவிக்கொண்டே ஆமாம் என்று தலையாட்டினார். விசில் பறந்தது. நான் அவமானத்தில் அழுதேவிட்டேன்.

விளக்குப் போட்டதும் பயந்துகொண்டே அப்பாவைப் பார்த்தேன். துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை.

"ஆத்தா, திரும்ப எடு. இந்தத் தடவ நாலு பேர்ட்டக் கேட்டுட்டு எடு."

எடுத்தேன், அத்தானையே கதாநாயகனாக வைத்து. அந்தப் படம்தான் எனக்கு வேலை வாங்கித் தந்தது. இன்றுவரை ஆர்டர் பார்க்கப் போகவில்லை.

போன வாரம் பாஸ்போர்ட்டுக்கு எடுத்த என் போட்டோவை, சரியாக இருக்கிறதா என்று கேட்டு குடும்ப வாட்ஸ்அப்பில் போட்டேன். அப்பாதான் முதலில் பதில் போட்டார்.

"முருகேசன் நல்லாருக்கான்."