இரண்டாவது நிலவுக்கு விடுமுறை

ஆரணிக்கு ஒரு நிலவு போதுமானதாக இருந்த காலம் சென்ற கார்த்திகையோடு முடிந்தது. மணவாளன் என்பவர் வந்து இரண்டாவதைக் கொண்டுவந்தார்.

அதற்கு முன்பு அவர் குடிநீர் சுத்திகரிக்கும் இயந்திரம் விற்றுக்கொண்டிருந்தார். கலசப்பாக்கத்து மலையில் ஒரு சித்தர் கொடுத்தது என்று சொல்லி, 'இருமதிப் பஞ்சாங்கம்' அச்சிட்டு வந்தார். ஆண்டுக்குப் பதின்மூன்று மாதம். வாரத்துக்கு ஒன்பது நாள். கண்ணுக்குத் தெரியும் நிலவு ஒன்று, தெரியாத மறைமதி ஒன்று. தெரியாததைப் பற்றி அவருக்கு எல்லாம் தெரிந்திருந்தது.

ஞாயிறுதோறும் கல்யாண மண்டபம் நிரம்பி வழிந்தது. தெள்ளாரிலிருந்து வேன் பிடித்து வந்தார்கள். வீட்டுக்கொரு பஞ்சாங்கமும், தறிக்கொரு செப்புத் தகடும் வாங்கிக்கொண்டு திரும்பினார்கள்.

அமாவாசையன்று தறியில் உட்காராத ஊர் அது. நிலவு இரண்டென்றால் அமாவாசையும் இரண்டுதானே? ஏழு மாதமாக, மாதத்துக்கு இரண்டு நாள் தறிகள் ஓய்ந்தன. கணக்கு சரியாகவே இருந்தது. நிலவுதான் ஒன்று குறைந்தது.

பட்டு நெசவாளர் குமரேசன் மண்டபத்தில் எப்போதும் மூன்றாவது வரிசையில் அமர்வார். பொய் பேசத் தெரியாதவர். ஆகவே பிறரும் பேசமாட்டார்கள் என்று நம்பினார். அவருடைய மகள் சுபலட்சுமி, விடுதியில் தங்கிப் பாலிடெக்னிக் முடித்து அந்த வாரம்தான் வீடு திரும்பியிருந்தாள். செய்யார் தொழிற்சாலை ஒன்றில் அவளுக்கு வேலை கிடைத்திருந்தது. வரும் வியாழன் சேராவிட்டால் அந்த இடம் பட்டியலில் அடுத்தவருக்குப் போகும் என்றது கடிதம். வியாழன் மறைமதி அமாவாசை என்றது பஞ்சாங்கம்.

"அன்னிக்கு வாசப்படி தாண்டக் கூடாதாம்மா. மறுநாள் சேர்ந்துக்கறேன்னு ஒரு போன் போட்டுச் சொல்லிடு," என்றார் குமரேசன்.

"கம்பெனியில ஒரு நிலாதான் நைனா இருக்குது."

"வாயப் பாரு," என்றாள் தாய் திலகவதி அடுப்படியிலிருந்து. யாருடைய வாயை என்று சொல்லவில்லை.

சுபலட்சுமி பஞ்சாங்கத்தை முதன்முறையாகக் கையில் எடுத்தாள். நான்கு பக்கம் புரட்டியதும் நிறுத்தினாள்.

"நைனா, இது நான் எழுதினது."

"இன்னாது?"

"ஊரடங்குல ஸ்கூல் மூடிக்கிடந்தப்ப, ஒரு கதைக்காக நானே ஒரு உலகத்த உண்டாக்கிகினு இருந்தேனே. அந்த உலகத்துக்குக் காலண்டர் வேணும்னு ஒரு வெப்சைட்டுல எழுதி வெச்சேன். இன்னும் அங்கயே இருக்குது. ஒன்பதாம் மாசத்துல ஒரு நாள் கொறையுதே, அதுக்கு அவரு இன்னா சொன்னாரு?"

"அந்த நாள சித்தர் முழுங்கிட்டாரு."

"யாரும் முழுங்கல. அத எழுதும்போது கரண்ட் போயிடுச்சு."

குமரேசன் நெடுநேரம் யோசித்தார். "போன ஜென்மத்துல படிச்சது உனக்கு ஞாபகம் வந்திருக்கும்," என்றார். ஒரு பொய்யைக் காப்பாற்ற நல்ல மனிதர்கள் எவ்வளவு சிந்திக்கிறார்கள் என்பது வியப்புக்குரியது.

அவள் வாதாடவில்லை. தன் பழைய பக்கத்தைக் கைப்பேசியில் திறந்து பார்த்தாள். சனிக்கிழமைதோறும் யாரோ ஒருவர் வந்து படித்துவிட்டுப் போனதற்கான எண்ணிக்கை அதில் இருந்தது. வெள்ளியன்று அந்தப் பக்கத்தில் ஒரு வரி புதிதாகச் சேர்த்தாள். அதையே ஒரு தாளிலும் எழுதி, அடியில் அந்தப் பக்கத்தின் முகவரியையும் குறித்து, உறையில் போட்டு ஒட்டினாள்.

"ஒட்டின எடத்துல நீயே கையெழுத்துப் போடு நைனா. ஞாயித்துக்கிழமை அவரு பேசி முடிச்சதும் நீயே பிரி. அவரு சொன்னது இதுல இல்லன்னா, வியாழக்கிழமை நான் வீட்டுலயே இருக்கறேன்."

ஞாயிறு வந்தது. மணவாளன் மேடையில் கண்களை மூடினார்.

"நேத்து ராத்திரி சித்தர் வந்தார். வர்ற மறைமதி அன்னிக்கு, ஆண்கள் எல்லாரும் இடது காதுல ஒரு வெண்டைக்காய் செருகிக்கணும். காம்பு வானத்தப் பார்த்து இருக்கணும்."

மண்டபம் பக்தியோடு தலையசைத்தது. வேடியப்பன் என்ற பெரியவருக்கு மட்டும் ஓர் ஐயம்.

"ஐயா, பிஞ்சுங்களா, முத்தலுங்களா?"

மணவாளன் சற்றுத் தியானித்தார். "பிஞ்சு."

குமரேசன் சட்டைப்பையிலிருந்து உறையை எடுத்தார். அது வெறுந்தாளாக இருக்க வேண்டுமென்று அந்தக் கணத்தில்கூட அவர் விரும்பினார். பிரித்தார். படித்தார். பிறகு எழுந்து நின்று உரக்க வாசித்தார்.

"'ஆண்கள் இடது காதில் வெண்டைக்காய். காம்பு மேலே. பிஞ்சா முத்தலா என்று நான் எழுதவில்லை. யாராவது கேட்டால் அவரே சொல்லிக்கொள்ளட்டும்.' என் பொண்ணு வெள்ளிக்கிழமை எழுதி ஒட்டினதுங்க. உறை மேல என் கையெழுத்து."

மணவாளன் புன்னகை மாறாமல் சொன்னார்: "பார்த்தீங்களா, சித்தர் கொழந்த கையாலயும் எழுதறார்."

"அப்படின்னா அவகிட்ட ஒரு நாள் முன்னாடியே வந்திருக்காருங்க. உங்ககிட்ட அப்புறம்தான் வந்திருக்காரு. இனிமே நாங்க நேரா அவளையே கேட்டுக்கறோம்."

முதலில் சிரித்தவர் வேடியப்பன். தாளின் அடியில் இருந்த இணைய முகவரியை ஆளுக்கொரு கைப்பேசியில் திறந்தார்கள். பதின்மூன்று மாதமும் இருந்தன. பக்கத்தின் கடைசியில், 'இவ்வுலகமும் இதன் நிலவுகளும் என் கற்பனை. சுபலட்சுமி, பத்தாம் வகுப்பு' என்றிருந்தது. மணவாளன் அதுவரை இறங்கிப் படித்ததே இல்லை. அவர்கள் தலை நிமிர்ந்தபோது, மண்டபத்துச் சமையலறையின் பின்கதவு திறந்து கிடந்தது.

அன்று மாலை கடைத்தெருவில் வெண்டைக்காய் தீர்ந்துவிட்டது. எதற்கும் இருக்கட்டும் என்று வாங்கினார்களாம்.

வீட்டில் குமரேசன் மகளிடம் கேட்டார்: "அது சரி. எதுக்கும்மா ரெண்டு நிலா வெச்ச?"

"அமாவாசைக்கு மட்டும்தான நைனா நீ தறிய விட்டு எழுந்து எங்ககூட இருப்ப. அந்த உலகத்துலயாவது மாசத்துக்கு ரெண்டு நாள் இருக்கட்டும்னுதான்."

வியாழன் காலை ஆறு மணிக்கு அவரே அவளைக் கம்பெனி பஸ்ஸில் ஏற்றிவிட்டார். திரும்பி வந்து, செப்புத் தகட்டைக் கழற்றி வைத்துவிட்டுத் தறியில் உட்கார்ந்தார்.

பக்கத்துத் தறிகள் சில அன்றும் ஓய்ந்தே இருந்தன. யாருக்கும் தெரியாத நிலவு மணவாளன் ஒருவருக்கு மட்டும் எப்படித் தெரிந்தது என்று ஏழு மாதத்தில் அவ்வூரில் ஒருவரும் கேட்கவில்லை. கேட்பதற்கு நல்ல நேரம் பார்க்க வேண்டியதில்லை. ராகு காலத்திலும் கேட்கலாம்.