பாடாலூரில் ஒரு அரிசோனா மலை ராஜபாம்பு

பாம்புகளில் எத்தனையோ இனம் உண்டு, அதை விடுங்கள். பாம்பின் போட்டோவைப் பார்த்து இனம் சொல்லும் மனிதர் என்று ஓர் இனம் இருக்கிறது. இங்கே பார்க்கப் போவது அதைத்தான். வாழுமிடம்: வாட்ஸ்அப் குழு. உணவு: மங்கலான போட்டோ. நடமாடும் நேரம்: யார் வீட்டிலாவது யாராவது அலறும் நேரம். விஷம் கிடையாது. ஆனால் பிடித்தால் விடாது.

பெரம்பலூரில் பைக் உதிரிபாகக் கடை வைத்திருக்கும் அறிவரசன், இந்த இனத்தில் நன்றாக வளர்ந்த ஒரு மாதிரி. பிரேக் ஒயர் கேட்டு வந்தவர் எதிரே நின்றுகொண்டிருக்க, போட்டோவை இரண்டு விரலால் விரித்து, சுருக்கி, போனைத் தலைகீழாகத் திருப்பி, கண்ணாடியைக் கழற்றி, துடைத்து, மறுபடி மாட்டிக்கொண்டு, கடைசியில் "ம்" என்பார். அந்த "ம்"முக்காகக் குழுவே காத்திருக்கும். வால் தெரிந்தால் ஆணா பெண்ணா என்று சொல்வார். வால் தெரியாவிட்டால் வயதையும் சொல்வார்.

ஒரே ஒரு குறை. வருவதெல்லாம் சாரை. இத்தனை ஞானத்தை வைத்துக்கொண்டு ஒரு மனிதன் எத்தனை சாரைக்குத்தான் "சாரை" என்று சொல்வது?

தை மாதக் கடைசியில், மழைக்கு வேலையே இல்லாத ஒரு பிற்பகலில், பாடாலூரிலிருந்து அவருடைய பெரியம்மா மகள் வெற்றிச்செல்வி ஒரு போட்டோ அனுப்பினார். களத்தில் சின்ன வெங்காயம் காய்கிறது, வானம் கறுத்துவிட்டது, மூட வேண்டிய தார்ப்பாய் கொட்டகையில் கிடக்கிறது. அதன்மேல் சிவப்பு, கறுப்பு, வெள்ளை என்று வளையம் வளையமாக ஒன்று நெளிந்து கிடந்தது. தலை வைக்கோல் குவியலுக்குள்.

அறிவரசன் உடனே அக்காவுக்குப் போன் போட்டார். சாரை இல்லை!

"தம்பி, விஷமா இல்லியா? மழை வரப்போவுது, தார்ப்பாய எடுக்கணும்."

"இருங்கக்கா, வெள்ளை வளையத்த எண்ணிக்கிட்டிருக்கேன்."

"எண்ணி என்னடா செய்யப் போற? கடிக்குமா, கடிக்காதா?"

பின்னால் யாரோ தொண்டை கிழியக் கூவிக்கொண்டிருந்தார்.

"யாருக்கா அது? பாம்பு மிரண்டுரப் போவுது."

"பக்கத்து வூட்டு பாக்யலட்சுமி. கன்னுக்குட்டியக் காணலியாம்."

"இப்பக் கன்னுக்குட்டியா முக்கியம்?"

இணையத்தில் தேடினார், கிடைத்தது. குழுவில் அறிவித்தார்: அரிசோனா மலை ராஜபாம்பு. அமெரிக்க மலைக்காட்டுப் பாம்புக்குப் பாடாலூரில் என்ன வேலை என்று கேட்கிறீர்களா? குழுவிலும் கேட்டார்கள். "ஹைவே ஊருங்க. லாரியில ஏறி வந்திருக்கும்" என்றார் அறிவரசன்.

அந்த நேரம் பார்த்து அரியலூர் முத்தமிழ்செல்வன் உள்ளே நுழைந்தார். போன வருஷம் வரை உருண்டைக் கல்லையெல்லாம் டைனோசர் முட்டை என்று அறிவித்துவிட்டு, இப்போது பாம்புக்கு மாறியவர். "மூக்கு வெள்ளையா இருந்தாத்தான் அரிசோனா. கறுப்பா இருந்தா கலிபோர்னியா. மூக்கக் காட்டுங்க பார்ப்போம்."

மானப் பிரச்சினை. பாடாலூருக்கு உத்தரவு பறந்தது: "அக்கா, தொட்டுறாதீங்க. மூக்க மட்டும் ஒரு போட்டோ எடுங்க."

"மழை என் மூக்கு மேல விழுதுடா!"

ஆனாலும் ஒரு வீடியோ வந்தது. அதில் அந்த வளையக்காரன் விலுக்கென்று இழுபட்டு நின்றான். "பாத்தீங்களா? மலை ஏறுற இனத்துக்கே உள்ள உதறல்!" என்று அறிவரசன் எழுதினார். குழு கும்பிட்டது. முத்தமிழ்செல்வன் மட்டும் "மூக்கு?" என்றார்.

மழை பிடித்துக்கொண்டது. வெற்றிச்செல்வி போனை இடுப்பில் செருகி, மூச்சைப் பிடித்துத் தார்ப்பாயை ஒரே இழுப்பாக இழுத்தார். வைக்கோல் குவியல் எழுந்து நின்று "ம்மா" என்றது.

அடுத்த போட்டோவில் பாக்யலட்சுமியின் கன்றுக்குட்டி நின்றது. அதன் கழுத்தில் மாட்டுப் பொங்கலுக்கு வாங்கிய புதுக் கயிறு: சிவப்பு, கறுப்பு, வெள்ளை. பின்னால் களம் முழுக்கத் தண்ணீர்.

அறிவரசன் போட்டோவை விரித்தார், சுருக்கினார், கண்ணாடியைக் கழற்றி மாட்டினார். "ம்" என்றார். பிறகு எழுதினார்: "விஷமில்லாத பாம்பு வேறொன்றின் வேஷம் போட்டுத் தப்பிக்கும் என்பது அறிவியல். கயிறு வேஷம் போடும் வகை இப்போதுதான் முதன்முதலாகப் பார்வைக்கு வந்திருக்கிறது."

"வேஷம் சரி. ஆனா கலிபோர்னியாதான்" என்றார் முத்தமிழ்செல்வன்.

வெற்றிச்செல்வி போன் செய்தார். குரல் அமைதியாக இருந்தது. அதுதான் பயமாக இருந்தது. "தம்பி, பாதி வெங்காயம் நனைஞ்சுருச்சு. காலையில மூட்டையோட ஒங்கடைக்கு வரேன். நனைஞ்சது, காஞ்சது, அழுவுனதுன்னு நீயே ஒண்ணொண்ணா இனம் பிரிச்சுக் குடு."

இந்த வாரம் பெரம்பலூர்ப் பக்கம் போனால் பாருங்கள்: பிரேக் ஒயர்களுக்கு நடுவே உட்கார்ந்து ஒருவர் கண்ணீரோடு இனம் பிரித்துக்கொண்டிருப்பார். வெங்காயம் என்பதால்தான் அந்தக் கண்ணீர் என்கிறார்.

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். ஆனால் ஒன்று சொல்லுங்கள்: 'வளையம் வளையமாக' என்று படித்த இடத்திலேயே, போட்டோவைக்கூடப் பார்க்காமல், "இது பாம்பே இல்லை" என்று முடிவு கட்டினீர்களா, இல்லையா?

ம். நீங்களும் நன்றாக வளர்ந்த ஒரு மாதிரிதான்.