மீன் தண்ணியில் நனைந்த என் முதல் கேஸ்

சொந்தக்காரருக்கு ஜாதகம் பார்க்கலாம், வைத்தியம்கூடப் பார்க்கலாம். கேஸ் மட்டும் நடத்தக் கூடாது. இதை எந்தச் சட்டக் கல்லூரியிலும் சொல்லித் தருவதில்லை. (தந்திருந்தாலும் அன்றைக்கு நான் கட் அடித்திருப்பேன்.)

என் முதல் கட்சிக்காரர் என் சித்தப்பா. காஞ்சிபுரத்தில் தன் தறியில் நெய்த முகூர்த்தப் புடவைகளை வடக்கே ஒரு கடைக்கு ரயில் பார்சலில் அனுப்பியிருந்தார். வழியில் பக்கத்தில் இருந்த மீன் பெட்டியின் ஐஸ் உருகி மூட்டைக்குள் இறங்கிவிட்டது. கடைக்காரர் மூட்டையைத் திறந்து, மூக்கைப் பொத்திக்கொண்டு, அப்படியே திருப்பி அனுப்பிவிட்டார். ரயில்வே இழப்பீடு தராவிட்டால் சித்தப்பா சொந்தத் தறியை விற்றுவிட்டு, இன்னொருவர் தறியில் கூலிக்கு உட்கார வேண்டியதுதான்.

"நீ இருக்கசொல்ல எனக்கு இன்னாமா கவலை?" என்றார்.

எனக்கும் கவலை இல்லை. வக்கீலாகிச் சில மாதமே ஆகியிருந்ததால் அப்போது எனக்குச் சட்டம் முழுவதும் தெரியும். சென்னையில் ரயில்வே இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் எப்படி முழங்குவது என்று கண்ணாடி முன் நின்று பழகினேன். தோழியிடம் இரவல் வாங்கிய கறுப்புக் கோட்டின் கை என் விரல்களைத் தாண்டித் தொங்கியது. இவ்வளவு பழகியவள், "கெட்டுப்போன புடவைதான் நமக்குச் சாட்சி, அதைத் தொடாதீர்கள்" என்று சித்தப்பாவிடம் ஒரு வார்த்தை சொல்ல மறந்துவிட்டேன்.

விசாரணை நாள் வந்தது. "சேதமடைந்த சரக்கைக் காட்டுகிறேன்" என்று கம்பீரமாகக் கையை நீட்டினேன். சித்தப்பா பையிலிருந்து ஒரு மாம்பழ நிறப் புடவையை எடுத்து உதறினார். சாம்பிராணி மணம் அறை முழுக்கப் பரவியது. முந்தானை தகதகவென்று விரிந்தது. ஓரத்தில் குங்குமம் வேறு. பின்வரிசையில் இருந்த ஓர் அம்மாள், "என்னா கலரு!" என்று வாய்விட்டே சொல்லிவிட்டார்.

"என்ன சித்தப்பா இது?" என்று காதோடு கேட்டேன்.

"மீன் நாத்தத்தோட எப்டிமா நாலு பேரு முன்னாடி எடுத்துக்கினு வர்றது? உங்க சித்தி ராவும் பகலுமா அலசி, நெழல்ல காயவச்சி, பொக காட்டி வச்சிருக்குது. கோயில்ல வச்சி எடுத்துக்கினு வந்தோம்."

(சைவ வீடு. அந்த மூட்டை வந்ததிலிருந்து சித்திக்குச் சோறே இறங்கவில்லையாம்.)

"இதில் சேதம் எங்கே?" என்றார் நீதிபதி.

நான் சமாளிக்கப் பார்த்தேன். "சாட்சியே, இந்தப் புடவை கெட்டுவிட்டது என்பது உண்மைதானே?"

பிரித்த பட்டின் முன்னால் குறை வார்த்தை சொல்லக் கூடாது என்பது எங்கள் வீட்டு வழக்கம். கண்ணாலேயே கெஞ்சினேன். சித்தப்பா புடவையை ஒரு முறை தடவிக்கொடுத்துவிட்டு நிமிர்ந்தார். "எங்க தறியில எறங்கன சேலைக்கு இன்னா கொறங்க?"

ரயில்வே வக்கீல் எழுந்து, "குறுக்கு விசாரணை இல்லை" என்று சொல்லிப் புன்னகையோடு உட்கார்ந்தார். (எதற்கு? அவர் வேலையைத்தான் நாங்களே முடித்துவிட்டோமே.) நீதிபதி உணவு இடைவேளை விட்டார். நான் வராந்தாவுக்கு வந்து அழுதேன். நெய்து நெய்தே என்னையும் சேர்த்துப் படிக்க வைத்தவர். அவர் தறி என்னால் போகப்போகிறது. கோட்டின் நீளக் கை கண்ணைத் துடைக்கத்தான் உதவியது.

அப்போது ரயில்வே வக்கீல் சித்தப்பாவிடம் வந்தார். "பெரியவரே, என் பொண்ணுக்குக் கல்யாணம் வருது. அந்த மாம்பழக் கலரை எனக்கே கொடுத்துடுங்களேன்."

சித்தப்பா பதறிவிட்டார். "ஐயோ, வாணாங்க! இது மீன் தண்ணியில ஊறனதுங்க. மடிப்புக்குள்ள பாருங்க, ஜரிகை கறுத்துக்கினு வருது. மழை பேஞ்சா நாத்தம் திரும்பிடும். கல்யாணப் பொண்ணுக்கு இத குடுத்தா நான் நல்லா இருப்பேனா?"

"இதை உள்ளேயே சொல்லியிருக்கலாமே!"

"உள்ள யாரும் வாங்கறேன்னு கேக்கலீங்களே."

என் அழுகை நின்றுவிட்டது. இடைவேளை முடிந்ததும் சாட்சியிடம் இன்னொரு கேள்வி கேட்க அனுமதி வாங்கினேன். பழகி வைத்த முழக்கம் ஒன்றும் வாயில் வரவில்லை; வீட்டில் பேசுகிற மாதிரியே கேட்டேன்.

"சித்தப்பா, இந்தப் புடவைய அந்த சாருக்கு விப்பீங்களா?"

"செத்தாலும் விக்க மாட்டேன்."

"ஏன்?"

கொட்டித் தீர்த்துவிட்டார். நீதிபதி மடிப்பைப் பிரித்துப் பார்த்து, மூக்கருகே கொண்டுபோய், சட்டென்று தள்ளிவைத்தார். ரயில்வே வக்கீல் இந்த முறையும் "குறுக்கு விசாரணை இல்லை" என்றார். இழப்பீடு கிடைத்தது. தறி இன்றும் சித்தப்பா வீட்டில்தான் சத்தம் போடுகிறது. அந்த வக்கீல் வீட்டுக் கல்யாணப் புடவையும் அதில் நெய்ததுதான்.

விபரீதம் பிறகுதான் வந்தது. என்னைப் பெண் பார்க்க வந்தவர்களிடம் சித்தப்பா அதே நேர்மையோடு ஆரம்பித்தார். "கேட்டுக்கினு வந்துட்டீங்க, மறைக்கக் கூடாது. பொண்ணுக்குக் கோவம் மூக்கு மேல இருக்குது. ரசம் வெக்க வராது. மொத கேஸ்லயே அழுதுடுச்சி." என் அம்மா காபித் தட்டோடு அப்படியே நின்றுவிட்டார். மாப்பிள்ளை மட்டும் விழுந்து விழுந்து சிரித்தார். அந்தச் சிரிப்புக்காகவே நான் சரி என்றேன்.

இன்றும் எங்களுக்குள் சண்டை வந்தால் அவர் முதலில் போன் போடுவது சித்தப்பாவுக்குத்தான். அந்தப் பக்கத்திலிருந்து வரும் பதில் மாறியதே இல்லை.

"மடிப்ப பிரிச்சிக் காட்டித்தானே குடுத்தேன், மாப்ள? இனிமே கிளெய்ம் கெடையாதுங்க."