முட்டித்தண்ணி தாண்டிய ஆறு

எனக்கு எழுபத்தெட்டு வயது. ஐந்து பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கினேன். கையெழுத்து மட்டும் போடுவேன். சொல்லச் சொல்ல எழுதுவது என் பேத்தி. தண்ணீரே இல்லாத ஆற்றை வேட்டி நனையாமல் தாண்டப் பாடுபட்ட மனிதர் உலகத்திலேயே ஒருவர்தான். ஊரில் அவருக்கு முட்டித்தண்ணி என்று பெயர். எனக்கு அண்ணன் முறை.

கோட்டைக்கரையாற்றில் போய்ச் சேரும் கிளையாறு எங்களுடையது. மணலை லாரிகள் அள்ளிப் போயின. பள்ளத்தில் சீமைக்கருவேலம் அடைத்துக்கொண்டது. கோழிக்கடைக் கழிவும் அங்கேதான். நல்ல தண்ணீர் ஓடாமல் கடலோரக் கிணறுகள் உப்பாகிவிட்டன. நாங்கள் எல்லோரும் செருப்புக் காலோடுதான் நடப்போம். முட்டித்தண்ணி மட்டும் செருப்பைக் கையில் எடுத்து, வேட்டியை முட்டிக்கு மேல் சுருட்டி, காலால் துழாவித் துழாவிப் போவார். அக்கரை ஏறியதும் காலை உதறுவார்.

பஸ்ஸில் போனாலும் தரைப்பாலம் வந்ததும் இரண்டு காலையும் சீட்டில் தூக்கி வைத்துக்கொள்வார்.

"பெருசு, காலக் கீழ போடும்" என்பார் கண்டக்டர்.

"இருப்பா, ஆறு தாண்டட்டும்."

சவுதியில் பாடுபட்டுச் சேர்த்ததையெல்லாம் போட்டு என் மூத்தவன் அந்தப் பள்ளத்தில் மனை வாங்கினான். வீட்டு அஸ்திவாரத்துக்கு வானம் தோண்டுகிற அன்று பந்தலுக்கு முட்டித்தண்ணி வந்தார். செருப்பு கையில், வேட்டி முட்டிக்கு மேல்.

"என்ன மாமா, இங்கனயுமா?" என்றான் மகன்.

"நான் என்ன செய்ய மருமகனே? ஆத்துக்குள்ளல்ல பந்தல் போட்டிருக்க."

"ஆறு செத்து எம்புட்டு வருசமாச்சு."

"சாகல. வெளியூரு போயிருக்கு. நீ சவுதியில கெடந்தப்ப ஒன் ஆத்தா ஒன் கட்டில வித்தா போட்டா?"

பந்தலே சிரித்தது. மகன் சிரிக்கவில்லை. ஆட்களைத் திருப்பி அனுப்பிவிட்டான். மருமகள் ஐப்பசி வரைக்கும் அவனோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

ஐப்பசியில் மனைக்கல் தெரியாமல் தண்ணீர் ஓடியது. "வந்துட்டியா சவுதிக்காரா" என்று ஆற்றைக் கேட்டுக்கொண்டே இறங்கினார் முட்டித்தண்ணி. இடுப்பளவு தண்ணீர். அன்றைக்குத்தான் அவர் வேட்டி நனைந்தது.

வீட்டை மேட்டில் கட்டினோம்.

போன சித்திரையில் அண்ணன் போய்ச் சேர்ந்தார். சுடுகாடு அக்கரையில். ஆறு மறுபடியும் காய்ந்து கிடந்தது. பாடையைத் தூக்கிய என் மகன் கரையில் நின்று, வேட்டியை முட்டிக்கு மேல் ஏற்றிக் கட்டினான். பின்னால் வந்தவர்கள் செருப்பைக் கையில் எடுத்தார்கள். யாரும் சொல்லவில்லை. பெண்கள் நாங்கள் இக்கரையில் நின்று பார்த்தோம்.

ஏ பிள்ள, எழுதுனத ஒரு தரம் வாசி. ஆறு தாண்டுற எடத்துல மட்டும் மெதுவா வாசி. அண்ணன் நனையாமப் போகட்டும்.